ரேகை வைக்க வந்தவர்

ரேஷன் கடை வாசலில் வரிசைக்கு இடம் பிடித்து வைத்த கற்களுக்கும் காலிப் பைகளுக்கும் நடுவே, முனீஸ்வரியின் பைக்குச் சரியாக முன்னால், ஒரு ஜோடி ஆம்பளைச் செருப்பு ஈரத்தோடு கிடந்தது. காமயகவுண்டன்பட்டியில் மழை பெய்து எவ்வளவோ நாளாயிற்று. அறுந்த வாரில் குத்தியிருந்த ஊக்கு அவள் கையால் குத்தியது. அந்தச் செருப்பு புருஷனின் சிதையிலேயே எரிந்துபோனது.

தை மாதம் திராட்சைத் தோட்டத்தில் மருந்தடித்துக்கொண்டிருந்த ஒச்சாண்டி அங்கேயே சுருண்டு விழுந்து செத்தான். செத்ததற்கு அத்தாட்சி கேட்டு ஓர் ஆபீஸ் இன்றுவரை அவளை அலையவிடுகிறது. உயிரோடிருக்கிறான் என்று காட்டச் சொல்லி இன்னொன்று கிளம்பியிருக்கிறது. நம் சர்க்காரிடம் சாவதும் லேசில்லை, இருப்பதும் லேசில்லை.

"கார்டுல உள்ள பெரியாளுக எல்லாரும் நேர்ல வந்து ரேகை வைக்கணும்க்கா. வராட்டி பேரை எடுத்துருவாக," என்று நேற்றுச் சொன்னார், புதிதாக மாற்றலாகி வந்த விற்பனையாளர் செல்வின்.

ஒச்சாண்டியின் பங்கு அரிசி போனால் பிள்ளைகளுக்கு ராத்திரிச் சோறு இல்லை. அதைவிட, அவன் இன்னும் சாகாமல் இருக்கும் ஒரே இடம் அந்தக் கார்டுதான்.

"தோட்டத்துல இருக்காக. நாளைக்குக் கூட்டியாறேன்," என்று வாய் கூசாமல் சொல்லிவிட்டாள்.

கடை திறந்தது. நிழலில் இருந்தவர்கள் அவரவர் கல்லருகே வந்து நின்றார்கள். அந்தச் செருப்பில் மட்டும் யாரும் ஏறவில்லை. அரிசித் தூசியையும் பாமாயில் வாடையையும் மீறி, பூச்சிமருந்து நெடி அவள் தொண்டையில் இறங்கியது.

"முன்னாடிப் போத்தா, எடம் சும்மாதான கெடக்கு," என்றாள் பின்னால் நின்ற மொக்கம்மாள்.

வரிசை நகர்ந்தது. செருப்பும் நகர்ந்தது. ஓடிவிடலாம். ஓடினால் அரிசி போகும். நின்றாள்.

"அடுத்து," என்றார் செல்வின், மெஷினிலிருந்து தலை நிமிராமல்.

ஒரு கட்டைவிரல் நீண்டது. கருகிய விரல். மெஷின் கூவியது.

"ஒச்சாண்டி. சரியா இருக்கு."

பயத்தையும் மீறி அவளுக்கு அழுகை முட்டியது. அந்த விரலுக்காக எவ்வளவு ஏங்கியிருந்தாள்!

"நீங்க வைங்கக்கா."

வைத்தாள். மெஷின் ஊமையாக இருந்தது. துடைத்து மறுபடி வைத்தாள்.

"இறந்துட்டதா ஒங்க பேரை எடுத்திருக்காகளே."

"நான் இந்தா நிக்கிறேனே, தம்பி!"

செல்வின் நிமிர்ந்தார். அவளைத் தாண்டிப் பார்த்தார். "அடுத்து."

சில்லென்று ஒரு கை அவள் கையைப் பிடித்தது.

"இனி அலைய வேணாம் முனீசு. எங்கூட வா."

மொக்கம்மாள் ஓர் எட்டு முன்னால் வைத்து, முனீஸ்வரி நின்ற இடத்திலேயே வந்து நின்றாள். முனீஸ்வரி இன்னும் அங்கேதான் நின்றுகொண்டிருந்தாள்.