ராஜிக்கு இணங்காதவள்

சவுரியப்பன் மைப்பெட்டியை நீட்டினான். அவள் தட்டிவிட்டாள். வெள்ளைச் சட்டையெல்லாம் மை. கோபத்தோடு நிமிர்ந்தவன், மழையில் நனைந்த அந்தப் பெரிய கண்களைப் பார்த்தான்... வாய்வரை வந்த வசவு அப்படியே நின்றுவிட்டது. பாவம், வசமாக மாட்டிக்கொண்டான்.

அது 1941 ஐப்பசி, அரூர் கோர்ட் தாழ்வாரம். சித்தேரி மலையில் கடுக்காய் பொறுக்கிய பத்தொன்பது பேர், கூலி தராத காண்டிராக்டர் மேல் வழக்குப் போட்டிருந்தார்கள். வழக்கை விட்டுச் சமாதானமாக, ராஜியாகப் போங்கள் என்றார் ஜட்ஜ். பாதிக் கூலி தருகிறேன், ஆனால் அத்தனை பேரும் கைநாட்டு வைக்க வேண்டும், ஒருவர் மறுத்தாலும் யாருக்கும் கிடையாது என்றார் காண்டிராக்டர். பதினெட்டு பேர் வைத்தாயிற்று. மீதி இந்தக் குள்ளம்மாள்.

"எங்கப்பன் பேரு எங்கீங்க?" என்றாள்.

அவள் அப்பன் மல்லையன், கடுக்காய் மூட்டையோடு சரிவில் விழுந்து செத்தவன். காண்டிராக்டர் கணக்குப்படி அவன் வேலைக்கே வரவில்லையாம். வந்தான் என்று எழுதினால் சாவுக்கும் பதில் சொல்ல வேண்டுமே.

"காசு வேணாங்க. வேலைக்கு வந்தாருன்னு மட்டும் எழுதுங்க."

சவுரியப்பன் காண்டிராக்டரின் கணக்கப்பிள்ளை. கம்பைநல்லூர் சரக்குக் கிட்டங்கியில் உட்கார்ந்து, முதலாளி சொன்னபடி அந்தப் பெயரைக் கூலிக் கணக்கிலிருந்து அடித்தவன் அவன்தான். அன்று அது வெறும் பெயர். இன்று அதன் மகள் எதிரே நிற்கிறாள்...

தன் வீட்டில் பிள்ளைகள் காட்டுக்கிழங்கு தின்று வயிறு வீங்கிக் கிடப்பதைச் சொல்லி, ஏற்கெனவே கைநாட்டு வைத்திருந்த மாதம்மாள் அவள் காலைக் கட்டிக்கொண்டு அழுதாள். குள்ளம்மாளின் கை மெல்ல மைப்பெட்டிக்கு வந்தது. சவுரியப்பன் பெட்டியை மூடினான். நேரே ஜட்ஜிடம் போய், பெயரை அடித்தது நான்தான் என்று சொல்லிவிட்டான்.

பெயரைச் சேர்த்து ராஜியா, இவனைச் சாட்சியாக வைத்து விசாரணையா என்று ஜட்ஜ் கேட்டார். காண்டிராக்டர் பெயரைச் சேர்த்தார், குள்ளம்மாள் கைநாட்டு வைத்தாள். சாவுக்கு ஒரு தம்பிடி பெயரவில்லை. சவுரியப்பனுக்கு அங்கேயே வேலை போயிற்று.

படியில் உட்கார்ந்திருந்தவன் முன் அவள் வந்து நின்றாள்.

"சோறு போட்ட எடத்தக் கெடுத்துக்கிட்டீங்களே... ஏங்க?"

"உன்னப் பாத்துட்டேன். அதுக்கப்பறம் முடியல..." தலை குனிந்தான். "புடிச்சிருக்குது புள்ள. சொல்ல யோக்கியதை இல்ல."

அவளுக்குக் கண் நிறைந்துவிட்டது. இவனை வெறுக்க வேண்டும்... ஏன் முடியவில்லை?

"எங்கப்பனப் பொதச்ச எடத்துக்கு வாங்க," என்றாள் கடைசியில். "பேர அடிச்சதயும் அவருகிட்ட சொல்லுங்க. இதயும் சொல்லுங்க."