கத்தரிக்காரி ஹாரியட்

ஒஹையோவில் ஏப்ரல் மழை சொல்லிக்கொண்டா வரும்? நனையாமல் தப்பிக்க ஓடி வந்தவன், திரைப்படத் தணிக்கை அலுவலகப் படிக்கட்டில் அவள் மீது மோதியே விட்டான். அவன் கையிலிருந்த பிலிம் டப்பா தடதடவென்று உருண்டது.

"கண்ணை எங்கே வச்சுக்கிட்டு வர்றீங்க?" என்று சீறினாள் ஹாரியட்.

"இப்போ உங்க மேலதான்..."

மழை சொட்டும் இமைகள்... அடடா, ஓர் ஆணுக்கு இப்படியா கண் இருக்கும்!

"நான் வெர்னன். இது என் முதல் படம். மேலே ஒரு கிழட்டுக் கழுகு கத்தரியோட உட்கார்ந்திருக்காம். அதைக் கிண்டல் பண்ணித்தான் எடுத்திருக்கேன்!"

"அப்படியா? வாங்க, கழுகைக் காட்டுறேன்." விறுவிறுவென்று ஏறிப் போய்த் தணிக்கையாளர் நாற்காலியில் உட்கார்ந்தாள். வெர்னன் முகத்தில் அசடு வழிந்தது.

படம் ஓடியது. திரையில் ஒரு தணிக்கைக்காரி மேஜைக் கால்களுக்குப் பாவாடை கட்டினாள். கோழி முட்டையிடும் காட்சியைக் கண்ணை மூடிக்கொண்டு வெட்டினாள். ஹாரியட் கைக்குட்டையைக் கடித்தாள். முடியவில்லை... களுக்!

"சிரிச்சீங்க!"

"இருமல்."

"ஏழு தடவையா?"

விளக்கு எரிந்ததும் அவள் குரல் இறுகியது. "தணிக்கைக்காரி வர்றதையெல்லாம் வெட்டணும். தணிக்கையைக் கிண்டல் பண்ற எதையும் விடக்கூடாதுன்னு மேலதிகாரி உத்தரவு. இல்லைன்னா அனுமதி முத்திரை கிடையாது, சனிக்கிழமை படமும் வெளிவராது."

"அதை வெட்டினா மிஞ்சுறது படத்தோட பேர் மட்டும்தான். ஒரு அடி பிலிம்கூட வெட்ட விட மாட்டேன்!"

என்ன திமிர்! ஹாரியட் பேனாவை எடுத்தாள். வெட்டும் ஒவ்வொரு காட்சிக்கும் காரணம் எழுதிக் கையெழுத்திட வேண்டும். மூன்று வருடத்தில் அவள் ஒரு பொய்க் காரணம் எழுதியதில்லை. இதற்கு என்ன எழுதுவாள்? 'சிரிப்பு வந்தது' என்றா?

பேனாவை மூடினாள். முத்திரையை எடுத்து ஓங்கிக் குத்தினாள். முழுப் படத்துக்கும் அனுமதி!

வெர்னன் திகைத்தான். "உங்க மேலதிகாரி சும்மா விடுவாரா?"

"வேலை போகும். போகட்டும்."

அவன் சட்டென்று கத்தரியை எடுத்தான். "வேண்டாங்க... நானே வெட்டிடுறேன். உங்க பிழைப்பைக் கெடுத்துட்டு எனக்கு எதுக்குப் படம்?"

அவள் அவன் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். "வெட்டிப் பாருங்க! அப்புறம் உங்க முகத்துலயே முழிக்க மாட்டேன். யாருக்கும் வளைஞ்சு கொடுக்காம நின்னாரே, அந்த ஆளைத்தான் எனக்குப் பிடிச்சிருக்கு."

கத்தரி மேஜைக்குத் திரும்பியது. அவள் கை மட்டும் அவன் மணிக்கட்டை விடவில்லை.

"சனிக்கிழமை உங்க பக்கத்துல உட்கார்ந்து, வாய்விட்டுச் சிரிக்கப் போறேன்." தலை நிமிர்ந்தே இருந்தது. "நான் உங்களைக் காதலிக்கிறேன், வெர்னன்... இதை வெட்ட எவனாலயும் முடியாது!"