நங்கையின் முறை

மேற்கு மலைத்தொடருக்கு அப்பால் கதிரவன் இறங்கி மறைந்த வேளையிலேயே கீழ்வானில் முழுமதி எழுந்து, வெள்ளாற்றின் நீர்ப்பரப்பெங்கும் தன் ஒளியை அள்ளி இறைத்துக்கொண்டிருந்தது. கரையோர நாணல்கள் பூத்துக் குலுங்க, குன்றின் மீது நெடுங்கல் கோட்டை கரிய மதில்களோடு நிமிர்ந்து நின்றது. இந்த அழகையெல்லாம் நின்று ரசிக்க, வாசகர்களே, உங்களுக்கும் எனக்கும் பொழுதிருக்கிறது. நாணலுக்கிடையே கழுத்தளவு நீரில் நின்றிருந்த விடங்கனுக்கு இல்லை.

அவன் நெடுங்கல் கோட்டையின் ஒற்றன். வடக்கேயிருந்து வந்த பெரும்படை கோட்டையை வளைத்துக்கொண்டபோது, அதன் அதிபதி பெருநம்பி அரையர், மேற்கு நாட்டை ஆளும் தம் மைத்துனரிடம் உதவி கேட்டு அவனை அனுப்பியிருந்தார். மைத்துனர் விருந்து வைத்தார், வெற்றிலை கொடுத்தார், மிகவும் வருந்தினார், கடைசியில் கையை விரித்துவிட்டார். அந்த மகானுபாவரைப் பற்றி இதற்கு மேல் எழுதினால் என் எழுத்தாணிக்குத்தான் கேடு. அந்தப் பதிலைச் சுமந்துகொண்டு, புல்லறுப்பவன் வேடத்தில் பகைவர் பாசறையைக் கடந்து, விடங்கன் ஆற்றில் இறங்கியிருந்தான்.

அப்போது கோட்டைக்குள்ளிருந்து உலக்கைப் பாட்டு எழுந்தது.

நெடுங்கல்லில் அது பரம்பரை வழக்கம். அந்தி சாய்ந்ததும் அரண்மனை முற்றத்தில் பெண்கள் கூடி நெல் குத்துவார்கள். முதலில் நாட்டுத் தலைவனை வாழ்த்திப் பாடுவார்கள். பிறகு முறை வைத்து, ஒவ்வொருத்தியும் தன் வீட்டு ஆண்மகனுக்காக ஓர் அடி பாடுவாள். பெயர் சொல்லாமல், அவனுடைய அடையாளம் ஒன்றைச் சொல்லி. தலைவன் இறந்துவிட்டால் அடுத்தவன் முடிசூடும்வரை அந்தப் பாட்டு எழாது. இது பகைவருக்கும் தெரியும். பாட்டுக் கேட்கும்வரை உள்ளே நெல்லும் இருக்கிறது, அரையரும் இருக்கிறார் என்று பாசறையில் வீரர்கள் சலித்துக்கொண்டதை விடங்கன் தன் காதாலேயே கேட்டிருந்தான்.

பாட்டை நடத்துவது அரையரின் ஒரே மகள் கொற்றிநங்கை. மணமாகாதவள் ஆகையால், அவள் முறை வரும்போது உலக்கை மட்டும் விழும், அடி இராது. அந்த வெற்று ஓசையை விடங்கன் எத்தனையோ அந்திகளில் கேட்டிருக்கிறான். முன்பொரு பன்றி வேட்டையில் அவளைக் காக்கக் குறுக்கே பாய்ந்து புருவத்தில் வாங்கிய தழும்பைத் தடவிக்கொண்டு, தகுதிக்கு மீறிய ஆசை என்று தன்னையே கடிந்துகொள்வதும் உண்டு. பாவம், வேறென்ன செய்வான்?

மதகு வழியே கோட்டைக்குள் நுழைந்து, ஈரம் சொட்டச் சொட்ட அவன் முற்றத்துக்கு வந்தான். பெண்கள் பாட்டை நிறுத்தவில்லை. நங்கை மட்டும் உலக்கையை மற்றொருத்தியிடம் கொடுத்துவிட்டு அவனிடம் வந்தாள். கன்னங்கள் ஒட்டி, கண்கள் குழிந்திருந்தன. வணங்கி நின்ற விடங்கனின் பார்வை தற்செயலாக உரலுக்குள் விழுந்தது. உள்ளே வெறும் உமி! நெல் என்றோ தீர்ந்துவிட்டது. வெற்று உரலில் உலக்கை விழுந்தால் ஓசையே காட்டிக் கொடுத்துவிடும் என்று, பழைய உமியையே திரும்பத் திரும்பக் குத்திக்கொண்டிருந்தார்கள்.

அரையரை உடனே காண வேண்டும் என்று தடுமாறிச் சொன்னான்.

"தந்தையாரை இந்த முற்றத்தின் கீழேதான் அடக்கம் செய்திருக்கிறோம், விடங்கரே" என்றாள் நங்கை. "அம்புக் காயம் ஆறவில்லை. அழுதால் வெளியே கேட்குமென்று எங்களில் எவரும் அழவும் இல்லை."

தலைவனும் இல்லை, நெல்லும் இல்லை. வரப்போகும் உதவியும் இல்லை என்பதை அவன்தான் சொல்லியாக வேண்டியிருந்தது. சொன்னான். அவள் முகத்தில் எந்த மாற்றமும் தெரியவில்லை. குழந்தைகளுக்காகவாவது கோட்டைக் கதவைத் திறந்துவிடலாமே என்று அவன் மெல்ல இழுத்தான். கதவைத் திறந்து சரணடைந்த ஊரில் ஒரு குழந்தையும் மிஞ்சவில்லை என்று வந்து சொன்னவரே நீர்தானே என்று அவள் நினைவூட்டினாள்.

"பிறகு எந்த நம்பிக்கையில் பாடுகிறீர்கள், தேவி?"

"வெற்றி வரும் என்று நான் ஒருநாளும் பாடவில்லை. இன்றைக்கு இருக்கிறோம் என்றுதான் பாடினேன். அது பொய்யில்லையே. இன்று பாடினால் இன்றிரவு குழந்தைகள் உறங்குவார்கள். நாளைக்கு வேண்டியதை நாளைக்குப் பார்த்துக்கொள்வேன்."

அவள் அதைத் தேற்றுவதற்காகச் சொல்லவில்லை, உள்ளதைச் சொன்னாள். ஆனால் மைத்துனரின் மாளிகையிலிருந்து செத்த மனத்தோடு வந்தவனுக்கு, அந்தச் சொற்களைக் கேட்டதும் எங்கிருந்தோ துணிவு வந்தது. கோட்டை பிழைக்காது; அதில் ஐயமில்லை. ஆனால் ஓர் இரவு கிடைத்தால் போதும்.

பகைவரிடம் தான் பிடிபடப் போவதாக விடங்கன் சொன்னான். எளிதில் வாய் திறக்கமாட்டான். வதைத்த பிறகே, மேற்கிலிருந்து மைத்துனரின் படை வந்துகொண்டிருக்கிறது என்று சொல்வான். அடித்து வாங்கிய சொல்லை எவரும் நம்புவர். கிழக்குக் காட்டுவழியில் காவல் நிற்பவர்களை மேற்கே திருப்புவார்கள். அந்த இடைவெளியில் தாய்மாரும் குழந்தைகளும் வெளியேறிவிடலாம்.

"பாட்டு நின்றால் தெரிந்துவிடும். ஆகவே நான் வெளியேற முடியாது" என்றாள் நங்கை. "கிழவிகள் சிலர் என்னோடு இருப்பார்கள். குரல் குறைந்தது தெரியாதபடி உரத்துப் பாடுவோம்."

அவன் உலக்கையைத் தொட்டான். "கடைசிக் குழந்தை காட்டை அடையும்வரை என் வாயிலிருந்து உண்மை வராது. இந்த உலக்கை மேல் ஆணை."

"வேண்டாம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை, விடங்கரே. அதற்காக என்னை நீர் மன்னிக்கவும் வேண்டாம்" என்று சொல்லிவிட்டு, உலக்கையை வாங்கிக்கொண்டு தன் இடத்துக்குத் திரும்பினாள்.

விடங்கன் மறுபடி ஆற்றைக் கடந்து மணல்திட்டில் ஏறினான். பாசறைத் தீவட்டிகள் அருகில் தெரிந்தன. பின்னால் பாட்டு முறை முறையாக நகர்ந்துகொண்டிருந்தது. படகோட்டியின் மனைவி பாடினாள், யானைப்பாகனின் தாய் பாடினாள். அடுத்து நங்கையின் முறை. அந்த வெற்று ஓசையைக் கடைசியாக ஒருமுறை கேட்டுவிட்டுப் போகலாமென்று அவன் நின்றான்.

உலக்கை விழுந்தது. அதன் மேல் குரலும் எழுந்தது.

"புருவத் தழும்புடையான் பசித்து வருவான் — அவனுக்கும்
ஒரு பிடி குத்தம்மா, ஒரு பிடி குத்து."

உரலில் உமிதான் என்று அவனுக்குத் தெரியும். அவன் வரப்போவதில்லை என்று அவளுக்கும் தெரியும். அவன் கண்களில் நீர் பொங்கி வழிந்தது; துடைத்துக்கொள்ளவில்லை.

"யாரங்கே?" என்றது காவலனின் குரல். ஒற்றன் என்றால் ஓடியாக வேண்டும். தானே நின்று பிடிபட்டால் சந்தேகம் வரும். ஆகவே விடங்கன் ஓடினான், அவர்களுடைய கைக்கு எட்டும் அளவுக்கு மெதுவாக.