பஞ்சுவுக்கு ஆகாத செடி

வீட்டில் எல்லோரும் 'வாயாடி' என்று கூப்பிடும் அந்தச் சிறுமி, அன்று கால்நடை மருத்துவமனைக்குப் போகும் வழியெல்லாம் வாயே திறக்கவில்லை. அவளுடைய பூனை பஞ்சு வாந்தி எடுத்துவிட்டுக் கூடையில் சுருண்டு கிடந்தது.

அவள் எடுத்து வந்த இலையைக் கால்நடை மருத்துவர் திருப்பித் திருப்பிப் பார்த்தார். கடிபட்ட குண்டு இலை.

"இது ஜேடு செடி. நம்ம கண்ணுக்கு அழகு, பூனைக்கும் நாய்க்கும் விஷம். நல்லவேளை, கொஞ்சமாத்தான் தின்னிருக்கு. பிழைச்சுக்கும்."

"பஞ்சு செடிகிட்டயே போகலை டாக்டர். இலை கீழ உதிர்ந்து கிடந்துச்சு."

"உதிருதா? அப்ப தண்ணி அதிகமா ஊத்துறீங்க."

வீட்டுக்கு வந்ததும் விசாரணை தொடங்கியது.

"யாருமே கவனிக்கலையேன்னு நான்தான் தினமும் காலையில ஊத்துறேன்" என்றாள் அம்மா.

"அடடா! அதே நினைப்புல நான் சாயங்காலம் ஊத்துறேனே!" என்றார் அப்பா.

வாயாடி தன் தண்ணீர் பாட்டிலை முதுகுக்குப் பின்னால் மறைத்தாள். பள்ளியிலிருந்து வந்ததும் பாட்டிலில் மிச்சமிருக்கும் தண்ணீரை அவளும் அதில்தான் கவிழ்ப்பாள்.

அப்பா செடித் தொட்டியை ஜன்னலிலிருந்து எடுத்து அலமாரியின் உச்சியில் வைத்தார். மறுநாள் உடம்பு தேறிய பஞ்சு, அந்தத் தொட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து மீசையைத் துடைத்துக்கொண்டிருந்தது.

"இது சரிப்படாது. தூக்கிப் போட்டுடலாம்" என்றாள் அம்மா.

வாயாடிக்கு மனசு வரவில்லை. ஒரே ஒரு இலையை மண்ணில் வைத்து அவள் வளர்த்த செடி அது. பஞ்சுவும் வேண்டும், செடியும் வேண்டும். அன்று முழுக்க யோசித்தாள்.

மாலையில் தொட்டியைத் தூக்கிக்கொண்டு எதிர்வீட்டுத் தையல்கார அக்காவிடம் போனாள். அங்கே பூனை இல்லை, நாய் இல்லை. தையல் மெஷினுக்குப் பக்கத்து ஜன்னலில் நல்ல வெளிச்சம் இருந்தது.

"எனக்கேவா? இவ்வளவு அழகான செடியையா?" அக்காவுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. உடனே சொம்பு நிறையத் தண்ணீர் கொண்டுவந்தார்.

"ஐயோ அக்கா! முதல்ல மண்ணுக்குள்ள விரலை விட்டுப் பாருங்க."

"ஈரமா இருக்கே."

"நல்லாக் காஞ்ச பிறகுதான் ஊத்தணும். அதுவரைக்கும் சும்மா பாத்துக்கிட்டே இருங்க."

"அது உன்னால முடியுமா?"

"முடியாது. அதான் உங்ககிட்ட விடுறேன். ஆனா தினமும் பார்க்க வருவேன்."

அக்கா சிரித்துவிட்டார். வாயாடிக்குக் கண் கலங்கியது. ஆனாலும் மனசு லேசாக இருந்தது.

வீட்டுக்கு வந்து பார்த்தாள். ஜன்னலில் செடி இருந்த இடத்தில், இதமான மாலை வெயிலில், பஞ்சு நான்கு கால்களையும் நீட்டித் தூங்கிக்கொண்டிருந்தது.