குத்து இறங்காத பாட்டு

சனிக்கிழமை மத்தியானமே பெருங்குடி ஆட்டக்கூடம் நிரம்பிவிட்டது. ஆடுகிறவர்களின் காலுக்கடியில் துடிப்புத்தளம். எந்தக் கணத்தில் பாதம் துள்ளுகிறது, எப்போது சோர்கிறது என்று கண்டறிந்து, அது மேடையிலிருக்கும் வெட்டொட்டிக்குச் சொல்லும். பாட்டு ஓடிக்கொண்டிருக்கும்போதே, கால் சோரும் இடங்களை வெட்டி, துள்ளும் இடங்களை ஒட்டித் தரும் எந்திரம் அது.

முன்பு அந்த வேலையை டிஜே மெர்லின் கையால் செய்துவந்தாள். வயலின் இழைகிற இடையிசையைத் தூக்கிவிடுவாள், பல்லவியை இரண்டு தடவை ஓட்டுவாள், மேள உருட்டல் ஏறி முடிந்ததும் இறங்கும் குத்தை நாலு தட்டு முன்னால் இழுப்பாள். இப்போது ஒலியளவைப் பார்த்துக்கொள்வதோடு சரி.

எந்திரம் முதலில் சரணங்களை வெட்டியது, பிறகு பல்லவியை. கடைசியில் அது ஒன்றைக் கண்டுகொண்டது. குத்து இறங்கும்போது அல்ல, இறங்கப்போகிற கணத்தில்தான் கால்கள் அதிகம் பரபரக்கின்றன. இறங்கிவிட்டால் மனசு நிறைகிறது, கால் தளர்கிறது. ஆகவே குத்தையும் வெட்டிவிட்டது. ஏறிக்கொண்டே போகும் மேள உருட்டலை மட்டும் முடிவில்லாமல் ஒட்டியது. சனம் வெறிகொண்டு ஆடியது.

மெர்லினின் தங்கை ஷைனி வாரம் தவறாமல் வருகிறவள். அன்று காலை சோற்றைப் பிசைந்து கையில் வைத்துக்கொண்டு வெறுமனே உட்கார்ந்திருந்தாள்.

"சாப்பிடேன்டி."

"சாப்பிடணும்க்கா. என்னமோ வரப்போவுதுன்னே இருக்கு. வந்தப்புறம் சாப்பிடலாம்னு."

"என்ன வரப்போவுது?"

"தெரியல. தூக்கமும் அப்படித்தான். கண்ண மூடினா, இரு இருங்குது."

அந்தப் பேச்சு மெர்லினை விடவில்லை. கூடத்தின் முதலாளி ஜமாலிடம் போய் நின்றாள்.

"பாய், இன்னைக்கு ஒரு பாட்டாவது முழுசா விடலாம். குத்து இறங்கட்டும்."

"இறங்கினா உக்காந்துடுவாங்கம்மா. உக்காந்தா வீட்டுக்குப் போயிடுவாங்க."

"போகட்டும் பாய். போய்த் தூங்கட்டும்."

ஜமால் சிரித்துக்கொண்டே நகர்ந்துவிட்டார். மெர்லின் மேடையேறினாள். கீழே ஷைனி நடுக்கூட்டத்தில், உதட்டைக் கடித்தபடி ஆடிக்கொண்டிருந்தாள். உருட்டல் ஏறியது, மேலும் ஏறியது. மெர்லின் வெட்டொட்டியை அணைத்தாள், வெட்டுப்படாத பழைய பாட்டைத் தேடி எடுத்து, குத்து இறங்கும் இடத்தில் விட்டாள்.

தரை அதிர்ந்தது. பறையும் தவிலும் சேர்ந்து விழுந்தன.

ஆட்டம் நின்றது. யாரும் உட்காரவில்லை, வாசலுக்கும் போகவில்லை. அத்தனை பேரும் முகத்தைத் தூக்கி மேடையையே பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

ஷைனி கூட்டத்தை விலக்கிக்கொண்டு மேடையோரம் வந்தாள். "நல்லாத்தான்க்கா இருக்கு. எப்ப வரும்?"

"இதான்டி அது. வந்துடுச்சு."

ஷைனி குழந்தைக்குச் சமாதானம் சொல்வதுபோல் தலையாட்டினாள். நம்பவில்லை என்பது தெரிந்தது.

மெர்லின் ஒலியைக் கூட்டினாள். குத்து மறுபடி இறங்கியது, நெஞ்சில் இடிக்கும்படி. அவளும் மாதக்கணக்காக அந்த உருட்டலுக்குள்ளேயே நின்றவள்தான். ஒவ்வொரு அடி விழும்போதும், இது அதுவல்ல, அது இனிமேல்தான் என்று அவள் காதும் காத்துக்கொண்டிருந்தது.