கீழ்வீட்டுக் கதவு

பால் கறக்கப் போகக் கதவைத் திறந்தவளின் கையில் சேறு ஒட்டியது. கறுப்புச் சேறு. மேட்டில் எங்கே தோண்டினாலும் செம்மண்தான். கரிசல் கீழே, ஓடைக்கரையில் மட்டும்தான் இருந்தது.

அந்தக் கரிசலுக்கு ஆசைப்பட்டுத்தான் முதலில் வந்தவர்கள் ஓடையோரமாக வீடு கட்டினார்கள். போட்டதெல்லாம் விளைந்தது, ஆனால் தரையில் நீர் கசிந்தது. ஒவ்வொரு தலைமுறையும் ஈரத்துக்குப் பயந்து இன்னும் கொஞ்சம் மேலே ஏறிக் கட்டியது. வீடு காலி செய்யும்போது ஓடு, உத்தரம், அம்மி எல்லாவற்றையும் எடுத்துக்கொள்வார்கள். கதவை மட்டும் விட்டுவிடுவார்கள். செத்தவர்களை அந்தந்த வீட்டுக்குப் பின்னால்தான் புதைத்திருந்தார்கள். கீழே இருக்கிறவங்களுக்கும் சாத்திக்க ஒரு கதவு வேணாமா என்பார்கள், பாதி விளையாட்டாக.

கீழ்வீட்டைக் காலி செய்தபோது அவள் புருஷன் அதைக் கேட்கவில்லை. "நல்ல தேக்குடி. செத்தவங்க காத்து வாங்கட்டும்," என்று சிரித்தபடி கதவைக் கழற்றித் தோளில் சுமந்து வந்து புது வீட்டில் மாட்டினான். அந்த உழவுப் பருவத்திலேயே, கணுக்கால் அளவுத் தண்ணீரில் குப்புறச் செத்துக் கிடந்தான். கீழ்வீட்டுக்குப் பின்னால் புதைத்தார்கள்.

அவளுக்கு அழுகை வரவில்லை. உடம்பே மரத்துப்போயிருந்தது, அடுப்பில் கையைச் சுட்டுக்கொண்டால்கூடக் கொப்புளத்தைப் பார்த்துத்தான் தெரிந்தது. மகள் ஒருத்திக்காகத்தான் உலை வைத்தாள், விளக்கேற்றினாள்.

பொழுது சாய்ந்தால் கதவில் அந்தச் சத்தம் கேட்கும். தட்டுகிற சத்தமில்லை. அந்நியர் என்றால் தட்டுவார்கள். இது தன் வீட்டுக் கதவில், வெளிச்சமில்லாதபோது, தாழ்ப்பாள் எங்கே என்று தடவிப் பார்க்கிற கை. இடுக்கு வழியாக வண்டல் வாடை உள்ளே வரும். மகள் கண்ணைத் திறக்காமலே சொல்வாள்: "அப்பா கை மாதிரியே இருக்கும்மா."

கையில் ஒட்டிய சேற்றைக் கொழுந்தனிடம் காட்டினாள்.

"அப்பவே தலைதலையா அடிச்சிக்கிட்டேன், அண்ணி. அண்ணன் யார் பேச்சைக் கேட்டாரு? கதவு எங்க இருக்கோ அதுதானே செத்தவங்களுக்கு வீடு. பொழுது சாயறதுக்குள்ள கொண்டுபோய் மாட்டிடலாம்."

"அப்ப இங்க?"

"இன்னைக்கு ஒரு சாக்கைத் தொங்கவிடுங்க. நாளைக்குத் தச்சரைக் கூட்டிட்டு வரேன்."

வெயில் மஞ்சளாகும் நேரம். கதவைக் கழற்றிய வாசலில் சாக்கைத் தொங்கவிட்டாள். "வெளிய வராத கண்ணு, இதோ வந்துடுறேன்," என்று மகளிடம் சொல்லிவிட்டு, ஆளுக்கொரு முனையாகக் கதவைத் தூக்கிக்கொண்டு இறங்கினார்கள். காலடியில் சிவப்பு கறுத்தது. செருப்பு சேற்றில் ஒட்டிக்கொண்டு வர மறுத்தது.

கீழ்வீட்டுத் தரை கொழகொழவென்றிருந்தது. அதில் பள்ளங்கள். பக்கத்தில் பக்கத்தில், வரிசையாக, படுத்தவர்கள் எழுந்துபோன தடம் போல. கடைசிப் பள்ளம் பெரியது. அதில் இப்போதுதான் தண்ணீர் ஊறிக்கொண்டிருந்தது.

"நாய் ஏதாச்சும் படுத்திருக்கும், அண்ணி." கொழுந்தன் பள்ளத்தைப் பார்க்காமல் சொன்னான்.

கதவை மாட்டினார்கள். அவள் திரும்பி மேட்டைப் பார்த்தாள். தாங்கள் இறங்கி வந்த செம்மண் பாதையிலேயே கறுப்புக் காலடிகள். இறங்கும்போது இல்லாதவை. பெரியதும் சிறியதுமாக. எல்லாம் மேல்நோக்கி.

கதவில்லாத வீடு. உள்ளே குழந்தை.

"ஐயோ, என் பொண்ணு!"

ஓடினாள். விழுந்தாள். எழுந்து ஓடினாள்.

வாசலில் சாக்கு இல்லை. நாலாக மடித்து, சுவரோரம் வைக்கப்பட்டிருந்தது. அவள் புருஷன்தான் எப்போதும் அப்படி மடிப்பான்.

உள்ளே மகள் பாய் விரித்துக்கொண்டிருந்தாள். வீட்டிலிருந்த பாயெல்லாம் தரையில் கிடந்தன.

"சத்தம் போடாதம்மா. எல்லாரும் களைச்சுப்போய் வந்திருக்காங்க. அப்பா பக்கத்துல உனக்கும் இடம் போட்டிருக்கேன்."

பாய்களில் யாருமில்லை. ஆனால் ஒவ்வொன்றாக நடுவில் அமுங்கின. ஓரங்களில் கறுப்புத் தண்ணீர் கசிந்தது.

அது அவள் காலைத் தொட்டது. சில்லென்றிருந்தது. அவன் போனபிறகு முதல் முறையாக அவளுக்கு உறைத்தது. வலித்தது. கத்த வாயைத் திறந்தாள். குரல் வரவில்லை. கால் எழவில்லை.

மகள் கொட்டாவி விட்டாள். பெரிய பாயின் அருகில் ஒருக்களித்துப் படுத்தாள்.

மகளின் கால்மாட்டில் கிடந்த போர்வை தானாக மேலேறியது. இடுப்பு வரை. கழுத்து வரை. ஓரம் பதமாக உள்ளே செருகிக்கொண்டது.

பிறகு முகத்தையும் மூடியது.