சட்டித்தலையன் காய்ச்சிய பால்

மாலை ஐந்து மணிக்கு வர்ஷினி தன் பொந்துக்குள் நுழைந்து தலைகளை எண்ணினாள். முப்பது. மறுபடியும் எண்ணினாள். அதே முப்பது.

சட்டித்தலையனைக் காணவில்லை.

"டேய் சட்டி! இன்னிக்குமாடா ஊர் சுத்தப் போன? ஆறு மணிக்குத் தலைக்கணக்குடா!"

ஊஞ்சலில் சுருண்டிருந்த பனிவாலன் ஒரு கண்ணைத் திறந்து பார்த்துவிட்டு மூடிக்கொண்டது. மீன் தொட்டிக்குள் இருந்த நீலக்குமிழி இரண்டு குமிழிகளை விட்டது. அவ்வளவுதான்.

இதெல்லாம் கண், காது, மூக்கு, நாக்கு எல்லாவற்றையும் மயக்கும் புலன்கவசத்துக்குள். கவசத்துக்கு வெளியே வர்ஷினி ஒரகடத்தில், எழுபத்தோராவது மாடியில், இருநூறு சதுர அடி வீட்டில், சுவரிலிருந்து இழுத்து விரித்த நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். அந்த வீட்டின் சுவர்களுக்குள் படுக்கை, அடுப்பு, குளியலறை எல்லாம் மடிந்து கிடந்தன. சுவரே இயந்திரம் என்பதால் குடியிருப்பு விதிகளில் முதல் விதி, ஆணி அடிக்கக் கூடாது. கல்யாணப் படம்கூடப் பெட்டிக்குள்தான். நாற்பத்து நான்கு வயதில் சொந்தமாக ஒரு சுவர், அதில் ஒரு படம் என்று அவள் கேட்டது கிடைக்கவில்லை. அப்போதுதான் வினோதி வேட்டை என்ற விளையாட்டு வந்தது.

வேட்டை என்று பெயர்தானே தவிர, வலையும் கிடையாது, அம்பும் கிடையாது. மலையிலோ மரத்தடியிலோ ஓர் இடம் பார்த்துப் பொந்து குடைய வேண்டும். திரை கட்டி, விளக்கு ஏற்றி, மனம்போல அழகுபடுத்த வேண்டும். காட்டில் திரியும் விசித்திர உயிரான வினோதிக்கு அந்த அலங்காரம் பிடித்துப்போனால் தானாக உள்ளே வரும். வைத்திருக்கும் தீனியில் வாய் வைத்தால் 'டிங்' என்று ஒரு மணி அடிக்கும். அதோடு அது உங்களுடையது. வாசல் பலகையில் அதன் பெயரும் வகையும் ஏறிவிடும்: சாதாரணம், அரிது, மிக அரிது.

சட்டித்தலையன் சாதாரணம். கவிழ்த்த மண்சட்டி போல ஒரு தலை, ஆறு கால், நனைந்த சிலேட்டின் நிறம். வர்ஷினியின் பொந்துக்கு வந்த முதல் வினோதி அதுதான். முதல் வாரமே அதை யாருக்காவது கொடுத்துவிட்டு வேறு நல்லதாக மாற்றிக்கொள்ளலாம் என்று அலைந்தாள். யாரும் வாங்கவில்லை. பாவம், அதற்கு அது புரிந்ததோ என்னவோ, தினமும் அவள் முன்னால் குட்டிக்கரணம் போடும். தலையைச் சுவரில் 'டொக் டொக்' என்று தட்டித் தாளம் போடும். ஒவ்வொரு வித்தைக்கும் பிறகு வாசல் பலகையைத் திரும்பிப் பார்க்கும். பலகை மாறவே இல்லை. மூன்று வருஷத்தில் வர்ஷினிதான் மாறிப்போனாள். வேலை முடிந்து வந்ததும் அவள் முதலில் தேடுவது அந்தச் சட்டித் தலையைத்தான்.

இன்று அதைக் காணவில்லை. இன்றுதான் தலைக்கணக்கு.

காடு முழுக்க நாடோடி வினோதிகள் பெருகி நினைவகம் பிதுங்குகிறதாம். பதிவான பொந்துகளில் இருப்பது இரண்டே வகை: உரிமையாளர், அவர் சேகரித்த உயிர். ஆறு மணிக்குத் தலை எண்ணும் கணக்கி வரும்போது பொந்துக்குள் இந்த இரண்டில் ஒன்றாக எது இல்லையோ அது அழிக்கப்படும். திரும்பி வராது. விளையாட்டை நடத்துகிறவர்கள் ஒரு மாதமாக அறிவித்துக்கொண்டிருந்தார்கள்.

"வர்ஷு, காபி ஆறுது," என்றது கவசத்துக்கு வெளியிலிருந்து கணவன் பிரணவனின் குரல்.

"சட்டியைக் காணோம்ப்பா!"

"போன வாரம் என் மூக்குக்கண்ணாடியைக் காணோம்னப்ப நீ இவ்வளவு பதறலையே."

"உன் கண்ணாடி ஆறு மணிக்குச் சாகாதுல்ல!"

அவன் காபியைத் திரும்பச் சூடாக்கப் போனான்.

வாசலில் நிழலாடியது. பக்கத்து வீட்டுத் தன்ஷிகா. பொந்திலும் பக்கத்துப் பொந்துதான். நான்கு 'மிக அரிது' வைத்திருப்பவள். அதை ஒரு பேச்சில் இரண்டு தடவையாவது சொல்லிவிடுவாள்.

"அக்கா, என் மூணுவாலி இங்க வந்துச்சா? வாசல்ல வச்ச பூஜாடியையும் காணோம். ரெண்டும் சேர்ந்து ஓடிப்போயிருச்சோ என்னவோ!"

"என் சட்டியையும் காணோம்டி. பொருளும் காணாமத்தான் போகுது. பழைய திரை, அந்தப் பச்சை விளக்கு, நேத்து பால் பாத்திரம்."

"உங்க சட்டி போனா இன்னொண்ணு சுலபமா கிடைச்சிரும்க்கா. சாதாரணம்தானே. என்னோடது மிக அரிது, போனா போனதுதான்." சொல்லிவிட்டுக் காட்டுப் பக்கம் ஓடினாள்.

வர்ஷினிக்குச் சுருக்கென்றது. மூன்று வருஷத்துக்கு முன் அவளே சொன்ன வார்த்தைதான்.

ஐந்து முப்பது. கட்டிலுக்கு அடியில், பரணில், மீன் தொட்டிக்குப் பின்னால் எல்லாம் தேடியாயிற்று. வெளியே போய் மலைச்சரிவில் கத்தியும் பார்த்தாயிற்று. ஐந்து நாற்பது. திரும்பி வந்து ஊஞ்சலில் உட்கார்ந்தாள்.

அப்போது அந்த வாசனை வந்தது.

பால் பொங்கி அடுப்பில் வழிந்து தீயும் வாசனை.

யோசிக்கவே இல்லை. எழுந்து பொந்தின் அடுப்புக்கு ஓடினாள். அடுப்பு அணைந்து கிடந்தது. கவசத்தைக் கொஞ்சம் தூக்கி, "பிரணவ், பால் வச்சியா?" என்றாள். "நமக்குப் பால் பவுடர் வந்து நாலு வருஷமாச்சு," என்றான் அவன். கவசத்தை இறக்கினாள். வாசனை மறுபடி வந்தது. இங்கேதான். பொந்துக்குள்தான். மோப்பம் பிடித்துக்கொண்டே போனாள். மூலையில் தொங்கிய மஞ்சள் திரைக்குப் பின்னாலிருந்து வந்தது.

திரையை விலக்கினாள். சுவர் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு துளை. கவிழ்த்த சட்டி வடிவில், குனிந்தால் ஆள் நுழையும் அளவு, விளிம்பெல்லாம் தலையால் முட்டிய தடம். அதன் முன்னால் அரிசி மாவால் ஒரு கோலம். நான்கு புள்ளிக் கோலம்தான், அதுவும் ஒரு பக்கம் இழுத்துக்கொண்டு. தினமும் காலையில் பொந்து வாசலில் அவள் அவசரமாகப் போடும் அதே கோலம், அதே கோணலோடு.

பொந்து குடைகிற கருவி மனிதர்களிடம் மட்டும்தான் உண்டு. வினோதிகளுக்கு அதைக் கொடுக்க யாரும் நினைக்கவே இல்லை. ஒவ்வொரு வினோதிக்குள்ளும் ஒரு கற்றல் வித்து மட்டும் வைத்தார்கள். வளர்ப்பவரைப் பார்த்துப் பார்த்து அது தானாக வளரும் என்றார்கள். குட்டிக்கரணம் வரைக்கும் வளரும் என்றுதான் எல்லோரும் எண்ணியிருந்தார்கள்.

வர்ஷினி குனிந்தாள். புது வாசல் என்றதும் பழக்கம் விடவில்லை. வலது காலை முதலில் உள்ளே வைத்தாள்.

உள்ளே போனவள் நிமிரவும் மறந்து நின்றாள்.

அது அறை இல்லை. கோயில் மண்டபம் போல உயர்ந்து, மலையின் வயிறு முழுவதையும் குடைந்து எடுத்தது போல விரிந்து கிடந்தது. அவள் மூன்று வருஷமாக அலுத்துப்போய் ஒதுக்கிய பொருள்கள் அத்தனையும் அங்கே இருந்தன. ஒரு முனை கிழிந்த நீலத் திரை, கிழிசலே பூவேலை ஆகும்படி மடித்துக் கட்டப்பட்டிருந்தது. அவள் அழுது வடிகிறது என்று மூலையில் ஒதுக்கிப் போட்ட பச்சை விளக்கு, கூரையின் உச்சியில் தொங்கி, குளத்தடி வெளிச்சம் போல ஒரு வெளிச்சத்தைச் சொரிந்துகொண்டிருந்தது. விளையாட்டின் எந்தக் கடையிலும் அவள் பார்த்திராத நிறங்கள் சுவரில் ஓடின. அவற்றுக்குப் பெயர் வைக்கலாம் என்று பார்த்தால் ஒன்றுக்கும் வார்த்தை அகப்படவில்லை.

அதைவிட அதிசயம் சுவர். சுவர் முழுக்க ஆணிகள்.

ஆயிரம் இருக்குமா? அதற்கு மேலேயே இருக்கும். தரையிலிருந்து கூரை வரை, வானத்தில் நட்சத்திரம் சிதறியது போல. பொந்தில்கூட அவளுக்கு ஆணி அடிக்கக் கை வந்ததில்லை. விதி உடம்பில் ஊறிப்போயிருந்தது. "சொந்தமா ஒரு ஆணி அடிக்க வழியில்லடா சட்டி," என்று புலம்புவதோடு சரி. அதை அது கேட்டுக்கொண்டே இருந்திருக்கிறது.

ஒவ்வோர் ஆணியிலும் சோழி அளவில் ஒரு வெளிச்சம் தொங்கியது. மெதுவாக ஒன்றைத் தொட்டாள். உள்ளே ஒரு குட்டி வர்ஷினி வாயைப் பெரிதாகத் திறந்து கொட்டாவி விட்டாள். இன்னொன்றைத் தொட்டாள். பாட்டின் இரண்டாவது வரி மறந்து 'லலலா' என்று இழுத்தாள். மற்றொன்றில் திரையை இப்படி வைக்கவா அப்படி வைக்கவா என்று இடுப்பில் கைவைத்து நின்றாள். கொஞ்சம் தள்ளி, தனியாக, சுற்றிலும் இடம் விட்டு ஓர் ஆணி. அதைத் தொட்டாள். அப்பா இறந்த வாரம். பொந்துக்கு வந்து ஒரு மணி நேரம் ஒன்றும் பேசாமல் உட்கார்ந்திருந்தாள். யாரும் பார்க்கவில்லை என்று நினைத்திருந்தாள்.

இருபது வருஷம் ஒன்றாகக் குடும்பம் நடத்தியவன்கூட அவளை இப்படிப் பார்த்ததில்லை. அவளே அவளைப் பார்த்ததில்லை.

'டொக்.'

மண்டபத்தின் நடுவில் அடுப்பு. அதன் மேல் காணாமல்போன பால் பாத்திரம். விளிம்பெல்லாம் பால் வழிந்து நுரைத்திருந்தது. பக்கத்தில் சட்டித்தலையன். முதுகு நெடுக விளக்கு வரிசை போட்டது போல ஒளிர, ஆறு காலில் இரண்டைத் தூக்கி ஒரு சின்னக் கிண்ணத்தை அவள் முன் நீட்டியது.

"அடப்பாவி, புதுமனை புகுவிழாவாடா?" அழுகையும் சிரிப்புமாக வந்தது. "வாடா, ஆறாகப் போகுது. என் பொந்துக்கு வந்துரு. வா செல்லம்."

சட்டி நகரவில்லை. கிண்ணத்தை இன்னும் கொஞ்சம் நீட்டியது.

பால் காய்ச்சிய வீட்டில் கொடுத்த பாலை வேண்டாம் என்று சொல்லிவிட்டு எப்படி வருவது? வாங்கி ஒரு வாய் குடித்தாள். கவசத்தின் நாவொட்டி வழியாக நாக்கில் சூடும் இனிப்பும் பரவின. சர்க்கரை அளவு சரியாக இருந்தது. அவள் போடுகிற அளவு.

'டிங்.'

மூன்று வருஷத்தில் முப்பத்தொரு தடவை அவள் கேட்ட மணி. இந்தத் தடவை அது அவள் தலைக்குள்ளேயே அடித்தது.

ஆறு மணி. கூரையிலிருந்து வெள்ளைக் கோளமாக இறங்கியது கணக்கி.

"பதிவான பொந்து," என்றது கணக்கி. "பால் பொங்கியது. பதிவு செல்லும்."

வர்ஷினிக்கு அப்போதுதான் உறைத்தது. மற்ற நாடுகளில் பொந்தைப் பதிவு செய்ய உரிமையாளர் கட்டைவிரல் ரேகை வைக்க வேண்டும். வினோதிக்கு ஏது ரேகை? தமிழ்ப் பதிப்பை வடிவமைத்தவர்களுக்கு மட்டும் அது பத்திர அலுவலகம் மாதிரி இருந்ததாம். புது வீடு என்றால் பால் காய்ச்ச வேண்டாமா என்று யாரோ கேட்க, எல்லோரும் கைதட்டி, ரேகையை எடுத்துவிட்டுப் பாலை வைத்துவிட்டார்கள். பால் யார் காய்ச்சினாலும் பொங்கும் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை.

"உரிமையாளர்: சட்டித்தலையன். குடைந்தவர் அவர், அலங்கரித்தவர் அவர். சேகரித்த உயிர்: ஒன்று. தானாக உள்ளே வந்தது, தீனி ஏற்றது. பெயர், வர்ஷினி."

"இருங்க இருங்க! நான் மனுஷிங்க! அடுத்த பொந்து என்னுது! அதுல முப்பது வினோதி இருக்கு!"

"சேகரிக்கப்பட்ட உயிர் பொந்து வைத்திருக்க முடியாது. அடுத்த பொந்து இந்தப் பொந்தின் முன்னறையாகச் சேர்க்கப்பட்டது. முப்பது வினோதிகளும் சட்டித்தலையனுக்கே. சேகரித்த உயிர் இனி தினமும் ஆறு மணிக்குப் பொந்தில் இருக்க வேண்டும். இல்லையென்றால் நாடோடி." கோளம் மேலே எழும்பியது.

ஆக, சட்டி பிழைத்தது. அவளும் பிழைத்தாள். வாசல் பக்கம் புதுப் பலகை ஒன்று மின்னியது. போய்ப் படித்தாள்.

*வர்ஷினி. வகை: சாதாரணம்.*

"என்னது?"

கவசத்தைக் கழற்றி நடந்ததைச் சொன்னபோது பிரணவன் முதலில் சிரித்தான். பிறகு காபி டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, "அந்த ஆணியெல்லாம் நானும் ஒரு தடவை பார்க்கலாமா?" என்று மெல்லக் கேட்டான்.

அவள் பதில் சொல்வதற்குள் கதவு தடதடத்தது. தன்ஷிகா. தலையெல்லாம் கலைந்து, முகமெல்லாம் வெளிச்சம்.

"அக்கா, உங்களுக்கும் டிங் அடிச்சுதா? நம்ம மாடியில பன்னெண்டு பேருக்கு அடிச்சிருச்சாம்! மூணுவாலி எனக்காக ஒரு மாளிகையே கட்டி வச்சிருக்குக்கா, அந்தப் பூஜாடிதான் நடுவுல!" மூச்சு வாங்கினாள். "உங்களை என்ன வகைன்னு போட்டிருக்கு? என்னை 'அரிது'ன்னு போட்டிருக்கு!"

"கவனிக்கலடி," என்றாள் வர்ஷினி. கதவைச் சாத்தினாள்.

மறுநாள் வேலையிலிருந்து அரை மணி முன்னதாகவே கிளம்பி வந்தாள். தலை வாரினாள். ஐந்தரைக்கெல்லாம் துளை வழியாகக் குனிந்து உள்ளே போனாள். சட்டி காத்துக்கொண்டிருந்தது.

பள்ளிக்கூடத்தில் அவளுக்கு ஒரு வித்தை தெரியும். இரண்டு விரலை நாக்கடியில் வைத்து விசில் அடித்தால் மைதானமே திரும்பிப் பார்க்கும். வேலை, கல்யாணம் என்று ஆனபின் விட்டுப்போன வித்தை. சுற்றுமுற்றும் பார்த்தாள். விரலை வைத்தாள். முதல் தடவை வெறும் காற்று. இரண்டாவது தடவை மண்டபம் அதிர்ந்தது. ஆயிரம் வெளிச்சங்களும் ஒருசேர நடுங்கின.

சட்டித்தலையனின் முதுகு அடியிலிருந்து உச்சி வரை பற்றிக்கொண்டது போல ஒளிர்ந்தது. ஓடிப்போய்ப் புது ஆணி ஒன்றை எடுத்து, மண்சட்டித் தலையாலேயே 'டொக் டொக்' என்று சுவரில் அடிக்க ஆரம்பித்தது.

வர்ஷினிக்கு மூச்சு வாங்கியது. தற்செயலாகத் திரும்புகிறவள் போலத் திரும்பி, வாசல் பலகையைப் பார்த்தாள்.

சாதாரணம்.

நாளைக்குக் குட்டிக்கரணம் போட்டுப் பார்க்கலாம் என்று நினைத்துக்கொண்டாள்.